பூனைக்கண்ணாடி

கவிதை வாசித்தால் எங்கள் ஊரில் யாரும் அதிர்ச்சி அடைவதில்லை, தூங்குவார்கள். கொஞ்சம் மரியாதை தெரிந்தவர்கள் கண்ணைத் திறந்துகொண்டே தூங்குவார்கள். லோர்கன் டெவ்லினுக்கு இது நன்றாகவே தெரியும். அதனால் தன் இரண்டாவது புத்தகம் வெளிவந்த அன்று, டிரம்லோன் நூலக ஹாலில், தேநீரையும் ஹாம் சாண்ட்விச்சையும் கடைசியில்தான் வெளியே எடுக்க வேண்டும் என்று கறாராகச் சொல்லிவைத்திருந்தான். முதலிலேயே எடுத்தால் தின்றுவிட்டு நடையைக் கட்டிவிடுவார்கள்.

அவனை ஊர் அறிந்தது கவிஞனாக அல்ல. நூலக வேன் ஓட்டியவனாக. இரண்டாகப் பிரிந்த எங்கள் தீவின் வடக்குக்கும் தெற்குக்கும் நடுவே இருக்கும் குறுகலான எல்லைச் சாலைகளில் புத்தகம் அடுக்கிய அந்த வேனை வாலிபத்தில் ஓட்டத் தொடங்கி, தலை நரைக்கும்வரை ஓட்டினான். இரண்டு சபைக்காரர்களும் துப்பாக்கி தூக்கி, குண்டு வெடித்த காலத்திலும் ஓட்டினான். ராணுவச் சாவடியில் வண்டியை நிறுத்திச் சோதனை போட்ட சிப்பாய்கள், சோதனை முடிந்ததும் வெட்கத்தோடு காதல் நாவல் கேட்பார்கள். கொடுப்பான். ஒரு வளைவில் கத்தோலிக்கர் வீடு, அடுத்த வளைவில் புராட்டஸ்டண்ட் வீடு. பெயரை வைத்து ஒருவர் எந்தச் சபை என்று கண்டுபிடிக்க முடியாவிட்டால் ஆங்கில எழுத்து வரிசையைச் சொல்லச் சொன்னால் போதும், எட்டாவது எழுத்தை ஒரு கூட்டம் 'ஹெச்' என்னும், இன்னொரு கூட்டம் 'எச்' என்னும். லோர்கன் இரண்டையும் மாற்றி மாற்றிச் சொல்லுவான். "நீ எந்தப் பக்கம்டா?" என்று எரிச்சலோடு கேட்டால், "ஸ்டியரிங் பக்கம்" என்பான்.

சமாதானம் பேசுகிற வேலையும் அந்த வேனில்தான் அவனைப் பிடித்துக்கொண்டது. பொதுவழித் தகராறில் முகம் பார்க்காமல் இருந்த இரண்டு விவசாயிகள் மழைக்கு ஒதுங்கி ஒரே நேரத்தில் உள்ளே ஏறிவிட்டார்கள். மழை நிற்கவில்லை. லோர்கன் ஃபிளாஸ்க்கைத் திறந்து தேநீர் ஊற்றி, "அவரு பக்கத்து நியாயத்த நீங்க சொல்லுங்க, உங்க நியாயத்த அவரு சொல்லட்டும். தப்பா சொன்னா திருத்திக்கலாம்" என்றான். விளையாட்டாகத்தான் சொன்னான். மழை விடுவதற்குள் வழித் தகராறு தீர்ந்துபோனது.

அதன்பிறகு ஆட்கள் தாமாகவே வரத் தொடங்கினார்கள். கத்தோலிக்கத் தேவாலய ஹாலுக்கு அவர்கள் வரமாட்டார்கள், புராட்டஸ்டண்டுகளின் ஆரஞ்சு ஹாலுக்கு இவர்கள் போகமாட்டார்கள். வேன் ஒருத்தருக்கும் சொந்தமில்லை. யாராவது பார்த்துவிட்டால் புத்தகம் எடுக்கப் போனேன் என்று சொல்லிக்கொள்ளலாம். அதற்காகவே ஒவ்வொருவரும் இறங்கும்போது கக்கத்தில் ஒரு புத்தகம் இருக்க வேண்டும் என்று விதி வைத்திருந்தான். வாழ்நாளில் எழுத்துக்கூட்டிப் படிக்காத ஆசாமிகள் எல்லாம் தடித்தடியான சரித்திரப் புத்தகங்களோடு வீடு திரும்பினார்கள். சண்டை ஓய்ந்து சமாதான ஒப்பந்தமும் வந்து, அவன் ஓய்வு பெற்ற பிறகு, பழைய வேனை நூலகத்தின் பின்னால் நிறுத்தி அவனிடமே விட்டுவிட்டார்கள். அங்கே வந்தவர்கள் வழித் தகராறைப் பேச வரவில்லை. சண்டைக் காலத்தில் தாங்கள் செய்ததைச் சொல்ல வந்தார்கள்.

அவன் பெயர் கேட்கமாட்டான். ஊர் கேட்கமாட்டான். எதையும் எழுதிவைக்கமாட்டான். எங்கள் ஊரில் ஒருவனைக் கொலைகாரன் என்றால்கூடத் தாங்கிக்கொள்வான், காட்டிக்கொடுத்தவன் என்றால் அவன் குடும்பமே ஊரைக் காலி பண்ண வேண்டியதுதான். அதனால் லோர்கன் ஒரு காரியம் பழகியிருந்தான். சொன்னவனை மறந்துவிடுவது. வீட்டுக்கு நடந்து போகிற வழியிலேயே முகத்தை அழிப்பான், குரலை அழிப்பான், எந்த மாதம் எந்தக் கிழமை என்பதை அழிப்பான். "ஆளையே மறந்துட்டா எப்படிக் காட்டிக் குடுக்கறது?" என்று சொல்லிச் சிரிப்பான். அந்த வாய்க்கட்டை நம்பித்தான் இரண்டு பக்கத்து ஆட்களும் அந்தப் படியில் ஏறினார்கள். அது இல்லையென்றால் அவன் வெறும் ஓட்டைவேன்காரன்.

ஆள் போய்விடுவான், சொல் தங்கிவிடும். அவன் கவிஞனாயிற்றே. வினை அங்கேதான் உட்கார்ந்திருந்தது.

அன்று ஹால் முக்கால்வாசி நிறைந்திருந்தது. லோர்கன் நல்ல வாசிப்பாளன். ஒவ்வொரு வரிசையாகப் பார்த்து, ஒவ்வொரு முகத்துக்கும் ஒரு வரியாவது கொடுப்பான். கடைசிக் கவிதை, ஜனவரி மாதத்தில் சதுப்புநிலத்துச் சாலையில் நடக்கும் ஒரு பையனைப் பற்றியது. தன் சிறுவயதைத்தான் எழுதியிருப்பதாக அவன் மனப்பூர்வமாக நம்பினான். அதன் கடைசி இரண்டு வரி:

பள்ளமெல்லாம் பூனைக்கண்ணாடி.
பார்த்து வா, கால் நனையும்.

கைதட்டினார்கள். நூலகக்காரி தேநீர்க் கெண்டியை நோக்கி நகர்ந்தாள். அப்போது இரண்டாவது வரிசையில் டிம்ப்னா மலன் கையைத் தூக்கினாள். பள்ளிக்கூடத்துச் சமையல்காரியாக இருந்து ஓய்வு பெற்றவள். ஹாலில் இருந்த பாதிப் பேர் அவள் மசித்துப் போட்ட உருளைக்கிழங்கைத் தின்று வளர்ந்தவர்கள்.

"லோர்கன், அந்தப் பூனைக்கண்ணாடின்னா என்னது?"

"குளிர்காலத்துல குட்டைமேல மெல்லிசா ஐஸ் படியுமே டிம்ப்னா, அதுதான். அடியில தண்ணி கிடக்கும். மிதிச்சா படக்குனு உடையும்."

"அது எனக்குத் தெரியும். அந்தச் சொல்ல நீ எங்க கேட்ட?"

"நம்ம பக்கத்துல சொல்றதுதானே. சின்ன வயசுல கேட்டிருப்பேன்."

"கேட்டிருக்க மாட்ட."

பின்வரிசையில் யாரோ, "என்ன டிம்ப்னா, பேடன்ட் வாங்கி வச்சிருக்கீங்களா?" என்றான். சிரிப்பு எழுந்தது. அவள் சிரிக்கவில்லை.

"எங்க வீட்ல மட்டும்தான் அந்தச் சொல்லு. ஃபெலிம் வச்ச பேரு. அஞ்சு வயசு அவனுக்கு. பூனை மூக்குக்கண்ணாடியக் கழட்டிக் குட்டைல போட்டுட்டுப் போயிடுச்சுன்னு அம்மா கையப் பிடிச்சு இழுத்துட்டுப் போய்க் காட்டினான். அம்மா, அப்பா, நான், அவன். வேற ஒருத்தருக்கும் தெரியாது. அவன் போனதுக்கு அப்புறம் நாங்க யாரும் அதை வாயில எடுத்தது இல்ல."

சிரிப்பு அடங்கிவிட்டது. ஃபெலிம் அவளுடைய தம்பி. நாற்பது வருடத்துக்கு முன், இருபத்தோரு வயதில், ஒரு ஜனவரி சனிக்கிழமை, நடனத்துக்குப் போகிறேன் என்று தலைவாரிக்கொண்டு கிளம்பியவன் திரும்பவில்லை. அந்த வாரமே ஊரில் பேச்சு கிளம்பியது, யாரோ ஒருத்தியோடு மான்செஸ்டருக்குக் கப்பலேறிவிட்டான் என்று. ரயில் நிலையத்தில் பார்த்ததாகச் சொல்லவும் ஆள் இருந்தது. அதனால் சண்டைக் காலத்தில் காணாமல் போனவர்களைத் தேட அரசாங்கம் அமைத்த குழுவினர் வந்தபோதுகூட அவன் பெயரை யாரும் கொடுக்கவில்லை. அவன் காணாமல் போனவன் அல்ல, ஓடிப்போனவன். ஒரு கடிதம் போடத் துப்பில்லாத பிள்ளை என்று திட்டித்திட்டியே அவன் அம்மா செத்தாள். டிம்ப்னா அந்தக் கோபத்தை வாங்கி வைத்துக்கொண்டு அன்றுவரை கட்டிக்காத்தாள்.

லோர்கன் பதில் சொல்ல வாயைத் திறந்தான். என் அம்மா சொல்லுவாள் என்று சொல்லத்தான் திறந்தான். அம்மாவின் குரலை நினைவில் தேடினான். வந்தது அம்மாவின் குரல் அல்ல.

வேன் கூரையில் மழை. எதிரே ஒரு மனிதன், தேநீரைக் குடிக்காமல் கையில் வைத்துக்கொண்டு. "எனக்குப் பத்தொம்பது வயசு. அவன் என்னவிட ரெண்டு வயசு மூத்தவனா இருப்பான். யாரோ அவனப் பத்தி ஏதோ சொன்னாங்க, அது பொய்யின்னு அப்புறம் தெரிஞ்சுச்சு. எங்க ஆளுங்க அவன் கையக் கட்டிச் சதுப்புக்குள்ள கூட்டிட்டுப் போறாங்க. நான் பின்னால டார்ச் பிடிச்சிட்டு வரேன். திரும்பி என்னப் பாத்து, பூனைக்கண்ணாடி, பாத்து வா, கால் நனையும்னான். எனக்குச் சொன்னான். என் காலுக்கு. அது என்ன சொல்லுன்னு இன்னிவரைக்கும் எனக்குத் தெரியாது."

சொல் மட்டும் அல்ல, அந்த வரி முழுக்கவே லோர்கனுடையது இல்லை. ஒரு பையன் சாவதற்குமுன் சொன்னதைத் தன் கவிதை என்று நினைத்து, எத்தனை அசைகள் என்று விரல்விட்டு எண்ணி, அட்டை போட்டு அச்சடித்து, இப்போது அவன் அக்காவுக்கே வாசித்துக் காட்டிக் கைதட்டலும் வாங்கியிருக்கிறான். புத்தகத்தை மூடி மேசைமேல் வைத்தான்.

முகமும் திரும்பி வந்துவிட்டது. அந்த முகம் இந்த ஹாலில்தான் இருந்தது. இடது பக்கம், ஜன்னலோரம்.

அங்கே பார்க்கக் கூடாது என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டான்.

டிம்ப்னா இன்னும் நின்றுகொண்டிருந்தாள். அவள் குரல் மாறியிருந்தது. அதில் ஓர் ஆசை இருந்தது, அதைக் கேட்க அவனுக்குத் தாங்கவில்லை.

"மான்செஸ்டர்ல பாத்தியா அவன? அங்க வச்சு அவன் சொன்னானா? அப்படின்னா சொல்லிடுப்பா. நான் ஒண்ணும் பண்ணமாட்டேன். கன்னத்துல ஒண்ணு குடுப்பேன், அவ்வளவுதான்."

ஆமாம் என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். மான்செஸ்டரில் பார்த்தேன், நன்றாக இருக்கிறான், நரைத்துவிட்டான், உன்னைக் கேட்டான். வேன் பிழைக்கும், கொடுத்த வாக்கு பிழைக்கும், ஜன்னலோரத்து மனிதனும் பிழைப்பான். அவள்கூடச் சந்தோஷமாக வீட்டுக்குப் போவாள். பொய் நாக்கு நுனிவரை வந்துவிட்டது. அவள் முகத்தைப் பார்த்தபின் அதை அவனால் துப்ப முடியவில்லை.

"எங்க கேட்டேன்னு என்னால சொல்ல முடியாது, டிம்ப்னா" என்றான்.

அவன் எதையும் சொல்லிவிடவில்லை என்றுதான் நினைத்தான். ஆனால் லோர்கன் சொல்ல முடியாது என்கிற விஷயங்கள் எங்கே கேட்ட விஷயங்கள் என்று அந்த ஹாலில் இருந்த ஒவ்வொருவருக்கும் தெரியும். மான்செஸ்டரில் ஒருவன் உயிரோடு இருக்கிறான் என்பதை மறைக்க அந்த வேன் எதற்கு? முன்வரிசையில் ஒருத்தி சிலுவை போட்டுக்கொண்டாள். நூலகக்காரி கையில் கெண்டியோடு அப்படியே நின்றுவிட்டாள். நாற்பது வருடமாக மான்செஸ்டரில் சுகமாக இருந்த ஃபெலிம் மலன் எல்லார் கண்ணெதிரே செத்துப்போனான்.

டிம்ப்னா உட்காரவில்லை. லோர்கனையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவன் தரையைப் பார்த்தான், கூரையைப் பார்த்தான், நடுவரிசையைப் பார்த்தான், வலப்பக்கத்துச் சுவரைப் பார்த்தான். மாலை முழுக்க எல்லாருக்கும் கண்ணைப் பங்கு வைத்துக் கொடுத்தவன், இப்போது ஜன்னல் பக்கம் மட்டும் தலையைத் திருப்பவே இல்லை. நூறு பிள்ளைகள் சாப்பிடும் கூடத்தில் மிச்சம் வைத்த தட்டை மறைத்தவன் யார் என்று கழுத்து எந்தப் பக்கம் திரும்பவில்லை என்பதை வைத்தே கண்டுபிடித்தவள் அவள்.

அவள் மெல்ல ஜன்னல் பக்கம் திரும்பினாள்.

அங்கே இரண்டு ஓய்வுபெற்ற டீச்சரம்மாக்கள் இருந்தார்கள். காது கேட்காத ஒரு கிழவி இருந்தாள். ஓரத்தில், தொப்பியை மடியில் வைத்துக்கொண்டு டர்லோ கான்வே இருந்தான். ஊரில் யார் செத்தாலும் சவப்பெட்டி கொண்டுவருவதும், கருப்பு வண்டியை ஓட்டுவதும், குழியோரத்தில் கயிற்றைப் பிடித்து இறக்குவதும் அவன்தான். அவனுக்கு முன்னால் அவன் அப்பா. டிம்ப்னாவின் தாயையும் தகப்பனையும் மண்ணுக்குள் வைத்தவன் அவனே.

"டர்லோ" என்றாள்.

வகுப்பில் பெயர் கூப்பிட்ட பையனைப்போல் அவன் எழுந்து நின்றான்.

"அவன்கூட நீ இருந்தியா?"

டர்லோ ஒரு தடவை லோர்கனைப் பார்த்தான். பிறகு அவளைப் பார்த்தான். "டார்ச் பிடிச்சேன்" என்றான்.

டிம்ப்னா நடுவழியில் நடந்துபோய் அவனுக்கு ஒரு கை தூரத்தில் நின்றாள். அறையப்போகிறாள் என்றுதான் எல்லாரும் நினைத்தார்கள்.

"அம்மாவ அடக்கம் பண்ணின அன்னிக்கு மழை. குழிக்கிட்ட நின்னு நான் அவன நாயேன்னு திட்டினேன். பெத்தவளுக்கு ஒரு பிடி மண்ணு போட வரலியே நாயேன்னு. நீ எனக்குக் குடை பிடிச்சிட்டு நின்ன."

"ஆமா."

"ஒரு வார்த்த சொல்லல."

"சொல்லல, டிம்ப்னா."

அவள் திரும்பி, நாற்காலியில் கிடந்த தன் கோட்டை எடுத்துக்கொண்டு வெளியே போனாள். அதன்பின் ஒவ்வொருவராகக் கிளம்பினார்கள். சாண்ட்விச்சை ஒருவரும் தொடவில்லை, எங்கள் ஊரில் அப்படி ஒன்று அதுவரை நடந்ததில்லை. கடைசியாக டர்லோ மேசைக்குப் பக்கத்தில் வந்தான்.

"ஆள மறந்துருவேன்னு சொன்னியே."

"மறந்துட்டேன் டர்லோ. சத்தியமா மறந்துதான் போயிருந்தேன்."

"என்ன மறந்துட்ட. சரி. அவன் சொன்னத மட்டும் எடுத்து வச்சுக்கிட்ட." தொப்பியைப் போட்டுக்கொண்டு போய்விட்டான்.

மறுநாளே அந்தத் தேடும் குழுவினரிடம் டர்லோ இடத்தைச் சொன்னான். அவர்களிடம் சொன்னதை வைத்து வழக்குப் போட முடியாது என்பது சட்டம், அதனால் யாரும் அவனைப் பிடித்துக்கொண்டு போகவில்லை. சதுப்பு காய்ந்ததும் தோண்டினார்கள். அங்கே மண் எதையும் சீக்கிரம் தின்பதில்லை. நடனத்துக்குப் போட்டுக்கொண்டு போன ஷூகூட அடையாளம் தெரிந்தது.

பெட்டியை டர்லோதான் செய்ய வேண்டும் என்று டிம்ப்னா சொன்னபோது ஊர் மறுபடியும் விக்கித்துப்போனது. பாதிரியார் வீட்டுக்கே போய்ப் பேசிப்பார்த்தார். "பாதியில விட்ட வேலை ஃபாதர். வேற யாரு முடிப்பா?" என்று அவரைத் திருப்பி அனுப்பினாள். டர்லோ செய்தான். கயிற்றைப் பிடித்து இறக்கினான். ஊரே வரிசையில் வந்து அவள் கையைக் குலுக்கி, உன் துயரத்துக்கு வருந்துகிறேன் என்று சொல்லிவிட்டுப் போனது. லோர்கனின் முறை வந்தபோது அவள் கையை விடாமல் பிடித்துக்கொண்டாள்.

"உனக்கு நன்றி சொல்லணுமா, உன்ன அறையணுமான்னு எனக்குப் புரியல. நீ வாய் தவறலேன்னா நான் அவனத் திட்டிக்கிட்டேதான் செத்திருப்பேன்."

அவன் அழுதான். அவள் அழவில்லை.

அதற்குப்பின் எதையும் சொல்ல யாரும் வேனுக்கு வரவில்லை. ஒருவரும் அவனைத் திட்டவில்லை, சாலையில் பார்த்தால் விரலைத் தூக்கி வணக்கம் வைத்தார்கள், வானிலை பேசினார்கள். அவன் வழக்கம்போல ஃபிளாஸ்க்கில் தேநீர் எடுத்துக்கொண்டு போய் உட்கார்ந்திருப்பான். சாயங்காலம் அதைப் புல்லில் கொட்டிவிட்டு வருவான். அவனைக் காட்டிக்கொடுத்தவன் என்று யாரும் சொல்லவில்லை என்பதுதான் அவனை அதிகம் பயமுறுத்தியது. சொல்லாமலே முடிவு பண்ணிவிட்டார்கள்.

அந்த வருடத்தில் ஒருவருக்காக மட்டும் அவன் மனசு கிடந்து அடித்துக்கொண்டிருந்தது. பக்கத்துப் பள்ளத்தாக்கில் ஹேசல் பீட்டி என்று ஒரு புராட்டஸ்டண்ட் பெண்மணி. அவள் கணவர் பால் ஏற்றும் லாரி ஓட்டியவர், சண்டைக் காலத்தில் ஒரு விடியற்காலையில் லாரி மட்டும் சாலையோரம் நின்றது, அவரைக் காணவில்லை. அவர் எங்கே கிடக்கிறார் என்று தெரிந்த ஒரு வயசாளி எங்கள் பக்கம் உயிரோடு இருந்தார். அவரை வேன் படிவரை கொண்டுவர லோர்கன் எத்தனையோ குளிர்காலங்களைச் செலவழித்திருந்தான். வருகிறேன் என்று அவரும் ஒருவழியாகச் சம்மதித்திருந்தார். ஃபெலிமின் அடக்கம் முடிந்த மறுவாரம் அவரிடமிருந்து ஆள் வந்து சொல்லிவிட்டுப் போனான்: "பாட்டுல வர்றதுக்கு அவருக்கு ஆசை இல்லையாம்."

சில நாள் கழித்து வேன் கதவு தட்டப்பட்டது. ஹேசல் பீட்டி நின்றாள். ஏறி எதிரே உட்கார்ந்தாள். ஊற்றிக் கொடுத்த தேநீரை வாங்கி அப்படியே கீழே வைத்தாள்.

"அந்தப் பெரியவர் வரமாட்டாராமே."

"வரமாட்டார், மிசஸ் பீட்டி."

"அந்த மலன் பொண்ணுக்காக எனக்குச் சந்தோஷந்தான். மனசாரச் சொல்றேன். நானும் அடக்கத்துக்கு வந்திருந்தேன், பின்னால நின்னேன்." கையுறையைக் கழற்றி மடியில் வைத்தாள். "அவளுக்குச் சொன்னீங்க. எனக்கும் சொல்லுங்க. அவர் வந்து உங்ககிட்ட என்ன சொன்னார்?"

"அவர் வரவே இல்ல. என்கிட்ட ஒண்ணும் இல்ல."

"ஒரு சொல்லு போதும். அது அவளுக்குப் போதுமா இருந்துச்சே."

"மிசஸ் பீட்டி, கடவுள்மேல ஆணையாச் சொல்றேன், எனக்கு ஒண்ணுமே தெரியாது."

அவள் அவன் முகத்தை நெடுநேரம் பார்த்தாள். தெரியாது என்று அவன் முன்பு எத்தனையோ பேரிடம் சொல்லியிருக்கிறான், பாதி நேரம் அது பொய்யாக இருந்திருக்கிறது, எல்லாரும் அதை மதித்து எழுந்து போயிருக்கிறார்கள். இன்று அவன் சொன்னது முழு உண்மை.

"தெரியும் உங்களுக்கு" என்றாள் அவள், எழுந்து கோட்டுப் பொத்தானைப் போட்டபடி. "சரி, பரவாயில்ல. அடுத்த புத்தகம் எப்ப வருதுன்னு சொல்லுங்க, வாங்கிப் படிச்சுத் தெரிஞ்சுக்கறேன்."